பித்தளைப் பஞ்சமும் உருக்குத் தோட்டாவும்

வெற்றுத் தோட்டாக்கோதுகள் சிலவற்றை ஒரு மேசைமேற் பரப்பி, ஒரு காந்தத்தை அவற்றின் அருகே கொண்டு சென்றால், சில அசையாமற் கிடக்கும். சில பாய்ந்து வந்து ஒட்டிக்கொள்ளும். கிடப்பவை பித்தளை, ஒட்டுபவை உருக்கு. எமது நாட்டின் வடக்கிலும் கிழக்கிலும் வெற்றுக் கோது என்பது நூதனமான பொருளன்று. தோட்டம் கொத்தும்போதும், கிணற்றைத் தூர்வாரும்போதும் அது அகப்படுவதுண்டு. பழைய உலோகம் வாங்க வருபவன் காந்தத்தை வைத்துப் பார்த்துப் பித்தளையை ஒரு விலைக்கும் உருக்கை வேறு விலைக்கும் எடுப்பான். ஒரே வடிவமும் ஒரே தொழிலும் உடைய ஒரு பொருள் ஏன் இரு வேறு உலோகங்களாற் செய்யப்படல் வேண்டும்? இக்கேள்வியே இக்கட்டுரைக்கு வித்து.

யுத்த சரித்திரம் எழுதுவோர் தளபதிகளின் பெயர்களையும் வெற்றி தோல்விகளையும் எழுதுவர். தரையில் விழுந்த கோதைக் குனிந்து பார்ப்பவர் சிலரே. ஆயுத பூசை நாளிற் கருவிகளுக்குச் சந்தனமும் குங்குமமும் இட்டு வணங்கும் மரபினராகிய நாமுங்கூட, அக்கருவி எதனாற் செய்யப்பட்டது, அவ்வுலோகம் எங்கிருந்து வந்தது, எவர் வீட்டிலிருந்து எடுக்கப்பட்டது என்று விசாரிப்பதில்லை. விசாரிக்கப் புகுந்தபோது, கைத்துப்பாக்கியின் சின்னஞ்சிறு தோட்டாவினுள்ளே இரண்டு உலக யுத்தங்களின் வரவு செலவுக் கணக்கு அடங்கியிருப்பதைக் கண்டு நாம் வியந்தோம்.

தோட்டா என்றவுடன் இந்து வாலிபர் எவருக்கும் நினைவுக்கு வருவது 1857ஆம் ஆண்டு. என்பீல்டுத் துப்பாக்கிக்குத் தரப்பட்ட தோட்டாவில் மாட்டுக் கொழுப்பும் பன்றிக் கொழுப்பும் பூசப்பட்டிருந்தன என்ற பேச்சு வட இந்தியப் படைவீரரிடையே எழுந்து பெருங் கிளர்ச்சிக்கு ஒரு காரணமாயிற்று. அந்தத் தோட்டா காகிதத்தாலானது. வீரன் அதைப் பல்லாற் கடித்துக் கிழித்து மருந்தைக் குழலிற் கொட்டவேண்டும். கடிக்க வேண்டியிருந்தபடியாலேயே கொழுப்பு ஒரு சமயப் பிரச்சினையாயிற்று.

அதே 1857இலேதான் அமெரிக்காவிலே சிமித், வெசன் என்னும் இருவர் உலோகக் கோது கொண்ட தோட்டாவைச் சுடும் ஒரு சிறு சுழல்துப்பாக்கியை விற்பனைக்கு விட்டனர். அதன் கோது செம்பு. கடிக்கவும் வேண்டாம், கொட்டவும் வேண்டாம். மருந்து, சன்னம், பொறி மூன்றும் ஒரே கோதினுள் அடக்கம். டில்லியிலும் இலக்குமணபுரியிலும் காகிதத் தோட்டாவின் பொருட்டு இரத்தம் சிந்திக்கொண்டிருந்த வேளையில், அக்காகிதத்தின் காலம் வேறொரு நாட்டில் ஓசையின்றி முடிந்துகொண்டிருந்தது.

செம்பு மென்மையானது, மருந்தின் வலு கூடக்கூட அது தாங்கவில்லை. அதனுடன் நாகத்தைக் கலந்து பித்தளையாக்கியபோது காரியம் கைகூடிற்று. செம்பு 70 பங்கு, நாகம் 30 பங்கு என்பது தோட்டாவுக்குரிய பித்தளையின் வாய்பாடாக நிலைபெற்றது.

இங்கே கோதின் தொழில் யாதென்று சிறிது நின்று பார்த்தல் அவசியம். அது வெறும் பெட்டியன்று. மருந்து பற்றியவுடன், ஒரு செக்கனின் ஆயிரத்தில் ஒரு பங்கு நேரத்தினுள், வாயு பெரும் அமுக்கத்துடன் விரிகிறது. கோதின் சுவர் வெளியே தள்ளப்பட்டுத் துப்பாக்கியின் அறைச் சுவரோடு ஒட்டிக்கொள்கிறது. அப்படி ஒட்டுவதனாலேதான் வாயு பின்னோக்கிப் பாய்ந்து சுடுபவனின் முகத்தைச் சுடாமல் தடுக்கப்படுகிறது. சன்னம் குழலைவிட்டு நீங்கி அமுக்கம் தணிந்ததும், அக்கோது மீளவும் சிறிது சுருங்கவேண்டும். சுருங்கினாலேதான் கொக்கி அதைப் பிடித்து வெளியே எறியலாம். விரியவும் வேண்டும், சுருங்கவும் வேண்டும். கிழியவும் கூடாது, ஒட்டிக்கொண்டு நிற்கவும் கூடாது. நன்கு முற்றிய புளியம்பழத்தைப் பாருங்கள்: பழம் கோதைவிட்டு விலகி நிற்கும், தட்டினாற் கழன்றுவிடும். காயிலோ கோது பழத்தை விடாது. பித்தளைக்கோது அறையினின்றும் முற்றிய புளிபோலக் கழன்றுவரும். இக்குணம் பித்தளைக்கு இயல்பாகவே அமைந்தது. மழையில் நனைந்தாலும் அது இரும்பைப் போலத் துருப்பிடிப்பதில்லை.

பித்தளை இந்தப் பதவியைச் சும்மா பெறவில்லை. பிரித்தானியப் படையின் மாட்டினி ஹென்றித் துப்பாக்கிக்கு முதலிற் செய்யப்பட்ட தோட்டா மெல்லிய பித்தளைத் தகட்டைச் சுருட்டி, இரும்பு அடித்தட்டிற் பொருத்தப்பட்டது. 1885ஆம் ஆண்டு சனவரியில் சூடான் பாலைவனத்திலே அபு கிளியா என்னுமிடத்தில் நடந்த சண்டையில், சூட்டினாலும் மணலினாலும் இத்தோட்டாக்கள் அறையிற் சிக்கிக்கொண்டமை பெருங் குறையாகப் பேசப்பட்டது. அதன்பின் ஒரே துண்டாக இழுத்து வடிக்கப்பட்ட பித்தளைக் கோதே வேண்டும் என்ற கொள்கை வலுப்பெற்றது. ஆகவே, பித்தளை என்பது உயிர் கொடுத்துக் கற்ற பாடம் என்று படைத்தொழில் வல்லுநர் எண்ணியதில் வியப்பில்லை. உருக்கிலே கோது செய்யலாம் என்றவனை அவர்கள் ஐயத்துடன் பார்த்ததிலும் வியப்பில்லை.

இந்தப் பித்தளையில் எமது இலங்கைக்கும் ஒரு பங்கு உண்டு என்பதை இவ்விடத்திற் சொல்லாமல் விடுதல் தகாது. பித்தளையையும் உயர்ந்த உருக்கையும் உருக்கும் மூசைகள், பெருஞ்சூட்டையும் தாங்கும் காரீயத்தாற் செய்யப்பட்டன. பென்சிற்கரி என்றும் சொல்லப்படும் இக்காரீயத்தில் உலகின் மிகச் சிறந்தது எம் தீவிலேயே கிடைத்தது. முதலாம் உலக யுத்தம் உச்சத்தில் இருந்த 1916ஆம் ஆண்டில், 33,000 தொன்னுக்கு மேற்பட்ட காரீயம் இலங்கையிலிருந்து கப்பலேறிற்று. யுத்தம் முடிந்ததும் விலை வீழ்ந்தது. சுரங்கங்கள் பல மூடப்பட்டன. தென்னிலங்கையின் பெருங்குடும்பங்கள் சிலவற்றின் செல்வம் காரீயத்திலிருந்து வந்தது. இலங்கையின் முதற் பிரதமராகிய டி. எஸ். சேனநாயக்கா அவர்களின் குடும்பமும் அவற்றுள் ஒன்று. கன்னார் பட்டறையிற் குத்துவிளக்கு வார்க்கும் மூசைக்கும், ஐரோப்பாவிலே தோட்டாவுக்குப் பித்தளை வார்த்த மூசைக்கும் வேலை ஒன்றே.

மூசை இருந்தென்ன, செம்பு இருக்கவேண்டுமே! இங்கேதான் ஜேர்மனியின் கதை தொடங்குகிறது.

ஜேர்மனிக்குப் போதிய செம்புச் சுரங்கம் இல்லை. கடல்வழியைப் பிரித்தானியக் கடற்படை அடைத்துவிட்டால் வெளிநாட்டுச் செம்பும் வராது. முதலாம் யுத்தத்திலேயே அந்நாடு இந்த நெருக்கடியை அனுபவித்தது. வீட்டுப் பாத்திரங்களும் தேவாலய மணிகளும் உருக்கப்பட்டன. இரண்டாம் யுத்தத்தில் இதனை முன்கூட்டியே திட்டமிட்டுச் செய்தார்கள். 1940ஆம் ஆண்டு ஹிட்லரின் பிறந்தநாட் பரிசு என்ற பெயரிற் பொதுமக்களிடம் செம்பு, பித்தளை, வெண்கலப் பொருள்கள் சேகரிக்கப்பட்டன. பின்னர் தேவாலய மணிகளின் முறை வந்தது. மணிகளை வயதும் கலைப்பெறுமதியும் நோக்கி நான்கு வகுப்பாகப் பிரித்தனர். முதல் வகுப்பு உடனே உருக்கப்படுவதற்கு. கடைசி வகுப்பு மாத்திரம் கோபுரத்திலேயே விடப்படுவதற்கு. ஜேர்மனியிலும் அது கைப்பற்றிய நாடுகளிலுமாக ஏறத்தாழ 1,75,000 மணிகள் இறக்கப்பட்டன என்றும், அவற்றுள் ஏறத்தாழ 1,50,000 அழிந்தன என்றும் கணக்கிட்டிருக்கிறார்கள். ஹம்பேர்க்குத் துறைமுகத்தில் மணிகள் வரிசை வரிசையாக அடுக்கப்பட்டுத் தம் முறைக்காகக் காத்துக் கிடந்த இடத்தை மணிகளின் மயானம் என்று மக்கள் அழைத்தனர்.

மிஷன் பாடசாலையில் ஆலயமணியின் ஓசைக்கு எழுந்து, விடுமுறைக்கு ஊர் வந்தாற் கோயிலின் காண்டாமணிக்கு எழுந்த எமக்கு, இச்செய்தியை வாசித்தபோது ஒரு நடுக்கம் உண்டாயிற்று. மணி எந்தச் சமயத்தாருடையதாயினும் மணியே. காலையிலே ஊரை எழுப்பிய அதே வெண்கலம், தகரமும் செம்பும் வேறாகப் பிரிக்கப்பட்டுப் படைக்கலச் சாலைக்குப் போயிற்று.

மணிகளை உருக்கியும் போதவில்லை. ஆகவே ஜேர்மனியர் மறுபக்கத்தையும் பார்த்தனர்: தோட்டாவிலிருந்து செம்பை அகற்றுவது எப்படி? அவர்களுடைய கைத்துப்பாக்கித் தோட்டா 9 மில்லிமீற்றர் அளவினது. 1908இல் லூகர் கைத்துப்பாக்கியுடன் தரைப்படையால் ஏற்கப்பட்டபடியால் 08 என்றே வழங்கியது. யுத்தத்தின்போது இதன் கோதை உருக்கிற் செய்து, துருப்பிடியாமல் இருக்க அரக்குப் போன்ற ஒரு பூச்சைப் பூசினர். பூச்சு பச்சையாகவோ சாம்பல் நிறமாகவோ தோன்றும். உருக்கைக் குறிக்கும் ஜேர்மன் சொல்லின் முதலிரு எழுத்துக்களை அடித்தட்டிற் பொறித்தனர். ஈயமும் அருகியபோது சன்னத்தின் உட்கருவையும் இரும்பாக்கினர். அப்படியான சன்னத்திற்குக் கறுப்புப் பூசி வேறுபடுத்தினர். இன்னும் ஒருபடி சென்று, இரும்புத் தூளை அமுக்கிச் சுட்டுச் சன்னமாக்கியதும் உண்டு. கோதும் இரும்பு, குண்டும் இரும்பு! ஒரு நாட்டின் களஞ்சியம் வெறுமையாகும் வேகத்தை அதன் தோட்டாவை வெட்டிப் பார்த்தே அறியலாம் போலும்.

அந்தத் தோட்டாவின் வடிவம் அவர்களுக்கு ஓரளவு கைகொடுத்தது. 9 மில்லிமீற்றர்க் கோது அடியிற் சற்றே பருத்து, வாயை நோக்கிச் சற்றே ஒடுங்குவது. ஆப்பு வடிவான பொருள் சிறிது பின்னே நகர்ந்தவுடன் சுவரை விட்டு விலகிவிடும். ஆகவே உருக்குக் கோது போதிய அளவு சுருங்காவிடினும் கழன்றுவருவது சாத்தியமாயிற்று.

அமெரிக்காவின் நிலை வேறு. அரிசோனாவிலும் மொன்றானாவிலும் பெருஞ் செம்புச் சுரங்கங்களை உடைய நாடு அது. சிலி நாட்டுச் செம்பும் அதற்கு எட்டும். அப்படிப்பட்ட நாட்டுக்கும் செம்புப் பஞ்சம் வந்தது என்றால் நம்புவது கடினம். ஆனால் 1942இல் வந்தது. பீரங்கிக் குண்டுக்குப் பித்தளை, துப்பாக்கித் தோட்டாவுக்குப் பித்தளை, கப்பலுக்கும் விமானத்துக்கும் தந்திக்கும் செப்புக்கம்பி என்று எத்திசையும் ஒரே உலோகத்தைக் கேட்டது.

அப்பஞ்சத்தின் அடையாளங்கள் இரண்டைச் சொல்லுவோம். 1943ஆம் ஆண்டுக்குரிய அமெரிக்க ஒருசதக் காசு செம்பினால் அன்றி, நாகம் பூசிய உருக்கினால் அடிக்கப்பட்டது. ஏறத்தாழ 109 கோடி காசுகள் வெள்ளை வெளேரென்று வெளிவந்தன. மக்கள் அவற்றைப் பத்துச்சதம் என்று மயங்கினர். சில்லறை போட்டுப் பொருள் எடுக்கும் இயந்திரங்கள், இரும்புத் துண்டை இட்டு ஏமாற்றுவோரைப் பிடிக்க வைத்திருந்த காந்தத்தினால் அவற்றைக் கள்ளக்காசு என்று பிடித்துக்கொண்டன. ஈரம் பட்டதும் ஓரத்திற் துருவும் ஏறிற்று. இந்தியாவிலும் அதே 1943 தொடக்கம் காலணாவின் நடுவைத் துளைத்து ஓட்டைக் காலணா அடித்தது உலோகத்தை மீதப்படுத்தவே என்பது பெரியோர் பலர் அறிந்ததே. மற்றைய அடையாளம் இன்னும் விசித்திரமானது. அணுகுண்டு ஆராய்ச்சிக்காக ஓக் றிட்ஜ் என்னுமிடத்தில் அமைத்த மாபெரும் மின்காந்தங்களுக்குச் செப்புக்கம்பி கிடையாமல், அரசாங்கத் திறைசேரியிலிருந்து ஏறத்தாழ 14,700 தொன் வெள்ளியைக் கடன்வாங்கிச் சுற்றினார்கள். செம்பு இல்லாதபடியால் வெள்ளியைப் பாவித்தார்கள்! தலைகீழாகிய இவ்வுலகத்திலேதான் உருக்குத் தோட்டா பிறந்தது.

அமெரிக்கப் படையின் கைத்துப்பாக்கி 1911இல் ஏற்கப்பட்டது. யோன் பிறவுணிங் என்பவரின் ஆக்கம். அதன் தோட்டா அங்குலத்தின் நூற்றில் 45 பங்கு விட்டமுடையது. பிலிப்பைன்ஸ் தீவுகளில் மோறோ மக்களுடன் நடந்த சண்டைகளில், சிறிய சுழல்துப்பாக்கிச் சன்னம் பாய்ந்து வருபவரை நிறுத்தவில்லை என்ற முறைப்பாட்டினாலேயே இத்தனை தடித்த சன்னம் தெரிந்தெடுக்கப்பட்டது. இதே தோட்டாவைத் தொம்சன் இயந்திரத் துப்பாக்கியும் உண்டது. கைத்துப்பாக்கி ஏழு தோட்டாவோடு நிற்கும். தொம்சன் கண்மூடித் திறக்குமுன் இருபதை விழுங்கும். ஆகவே கோடிக்கணக்கில் வேண்டியதாயிற்று.

அவ்வேலை ஒகையோ நதிக்கரையில் உள்ள எவன்ஸ்வில் என்னும் இந்தியானா மாநில நகருக்கு வந்தது. அங்கே கிறைஸ்லர்க் கம்பனியின் பிளிமத் மோட்டார்க்கார்த் தொழிற்சாலை இருந்தது. யுத்தம் வந்ததும் கார் செய்வது நின்றுபோயிற்று. 1942இல் அத்தொழிற்சாலையைத் தோட்டா செய்யும்படி அரசாங்கம் கேட்டது. குளிர்சாதனப் பெட்டி செய்துவந்த சண்பீம் கம்பனியும் கூட்டுச் சேர்ந்தது. தோட்டாவின் அடித்தட்டில் எவன்ஸ்வில், கிறைஸ்லர், சண்பீம் என்னும் மூன்று பெயர்களின் முதலெழுத்துக்களும் பொறிக்கப்பட்டன. பழைய கோதுகளிற் சண்பீமின் எழுத்து இராது.

முதலிற் பித்தளையிலேதான் தொடங்கினார்கள். ஆனால் வேலை சூடுபிடிக்குமுன்னே பித்தளை இல்லை, உருக்கிற் செய்யுங்கள் என்ற கட்டளை வந்துவிட்டது. தோட்டா செய்வதையே அப்பொழுதுதான் கற்றுக்கொண்டிருந்தவர்களிடம், எவரும் பெருந்தொகையாகச் செய்து பழகாத வகையிற் செய்யும்படி கேட்பது எத்தகைய சோதனை! ஆயினும் எமக்கு ஒன்று தோன்றுகிறது. பித்தளையிலே ஊறிய பழைய தொழிற்சாலையாயின் இது முடியாது என்று கைவிரித்திருக்கலாம். மோட்டார் செய்தவருக்கோ உருக்கு அந்நியமன்று. உருக்குத் தகட்டை அமுக்கி வளைத்துக் காரின் உடலாக்குவது அவர்களுடைய நாளாந்த வேலை.

வேலையின் நுட்பம் இது. தடித்த உருக்குத் தகட்டிலிருந்து வட்டங்களை வெட்டி, ஒவ்வொன்றையும் சிறு கிண்ணமாக அமுக்கி, அக்கிண்ணத்தை ஒன்றன்பின் ஒன்றாகச் சிறிய அச்சுக்களினூடே இழுத்து நீட்டுவர். இழுக்க இழுக்க உலோகம் விறைக்கும். இடையிடையே சூளையிலிட்டு இளக்கவேண்டும். பித்தளைக்கும் இதே முறைதான்; ஆனால் உருக்கு அச்சை விரைவிலே தேய்த்துவிடும். பின்னர் வருவதே பெருஞ் சிக்கல். கோதின் உருக்கை மென்மையாக விட்டால், சுட்டதும் விரிந்தது விரிந்தபடி நின்று அறையிற் சிக்கும். அளவுக்கு மிஞ்சி வன்மையாக்கினால் வெடித்துக் கீறும். அடிப்பாகம் வலிதாகவும் வாய்ப்பாகம் இணங்குவதாகவும் அமையும்படி சூடேற்றித் தணிக்கும் பதத்தைக் கண்டறிதல் வேண்டும். சமையலிற் பாகுபதம் தப்பினாற் பணியாரம் ஒன்று கெடும்; இங்கே பதம் தப்பினாற் படைவீரன் ஒருவனின் கையிற் துப்பாக்கி செயலற்று நிற்கும். இறுதியாகத் துருவைத் தடுக்கும் பூச்சு.

கைத்துப்பாக்கித் தோட்டாவிலே இது வெற்றி பெற்றமைக்கும், பெருந்துப்பாக்கித் தோட்டாவிலே அமெரிக்கர் பெரும்பாலும் பித்தளையையே கைவிடாதிருந்தமைக்கும் காரணம் அமுக்கம். அங்குலத்தின் நூற்றில் 45 பங்கு விட்டமுள்ள தோட்டாவில் வாயுவின் அமுக்கம் சதுர அங்குலத்துக்கு ஏறத்தாழ 21,000 இறாத்தல். அக்காலத்து அமெரிக்கப் பெருந்துப்பாக்கியிலோ அது ஏறத்தாழ 50,000. அமுக்கம் குறைந்த இடத்தில் உருக்கின் பிடிவாதம் பொறுக்கக்கூடியது. கைத்துப்பாக்கியே உருக்கு நுழைவதற்குத் தக்க வாயில்.

எவன்ஸ்வில் செய்து முடித்த தொகை 326 கோடிக்கு மேல். யுத்தகாலத்தில் அமெரிக்கா செய்த இவ்வகைத் தோட்டாக்களில் நூற்றுக்கு 96 பங்கு இந்த ஒரு நகரினின்றும் வந்தது என்பர். அவற்றிற் பெரும்பகுதி உருக்கு. நாம் சிறு கணக்கொன்று போட்டுப் பார்த்தோம். பித்தளைக் கோது ஒன்றின் நிறை ஏறத்தாழ 5½ கிராம். அதிற் செம்பு ஏறத்தாழ 4 கிராம். எனவே 100 கோடி கோதுகளை உருக்கிற் செய்தால் ஏறத்தாழ 4,000 தொன் செம்பு மிஞ்சும். ஒரு நாட்டின் ஒருசதக் காசு முழுவதையும் ஓர் ஆண்டு உருக்காக்கியதனால் மீந்த செம்போ 3,000 தொன்னுக்குச் சிறிது மேல்தான் வரும். காசில் மீதமாக்கியது குடிமகன் எவனுடைய கண்ணுக்கும் தெரிந்தது. தோட்டாவில் மீதமாக்கியது தெரியவில்லை.

அத்தொழிற்சாலையில் வேலை செய்தோரிற் பெருந்தொகையினர் பெண்கள். அதற்குமுன் தொழிற்சாலை வாசலை மிதித்திராதவர்கள் அவர்களிற் பலர். அவர்களுடைய கண்ணையும் கையையும் நம்பியே ஒவ்வொரு கோதும் பரிசோதிக்கப்பட்டது. அதே நகரில் டாங்கிகளைக் கரையில் இறக்கும் கப்பல்களும், தண்டர்போல்ற் விமானங்களும் கட்டப்பட்டன. தோட்டாவின் தேவை தணிந்ததும், அதே தொழிற்சாலையிற் சேர்மன் டாங்கிகள் 1,600 அளவிலும், படையின் பாரவண்டிகள் 4,000 அளவிலும் பழுது பார்த்துப் புதுப்பிக்கப்பட்டன. யுத்தம் முடிந்தது, மீண்டும் பிளிமத் கார்கள் வெளிவந்தன.

செம்பு மீண்டும் கிடைத்ததும் அமெரிக்கப் படை பெரும்பாலும் பித்தளைக்கே திரும்பிற்று. உருக்குக் கோது தோற்றபடியால் அன்று. பித்தளை செய்வதற்கு இலகு, களஞ்சியத்தில் நெடுங்காலம் இருக்கும் என்பதால். ஆனால் சோவியத்து நாடு வேறு முடிவுக்கு வந்தது. யுத்தத்தின்போது தற்காலிகம் என்று பிறர் கருதியதை அது நிரந்தரமாக்கிக்கொண்டது. 1951இல் அந்நாட்டுப் படை ஏற்ற மக்கறோவ் கைத்துப்பாக்கியின் தோட்டாவுக்குக் காலப்போக்கில் உருக்குக் கோதே வழமையாயிற்று. சிலவற்றிற்குச் செம்புப் பூச்சு, சிலவற்றிற்கு அரக்குப் பூச்சு. செம்பு பூசியதைக் கண்ணாற் பார்த்தாற் செம்பென்றே தோன்றும். காந்தம் மாத்திரம் ஏமாறாது.

சோவியத்து ஒன்றியம் 1991இற் கலைந்தபின், இத்தோட்டாக்கள் மலிவு விலையில் அமெரிக்கச் சந்தைக்குப் பெருமளவிற் சென்றன. துலா, பர்னவுல் முதலிய நகரங்களின் தொழிற்சாலைகள், அமெரிக்கரின் கைத்துப்பாக்கிகளுக்கேற்ற அளவுகளிலும் உருக்குத் தோட்டா செய்து விற்றன. அன்று தொடங்கிய வழக்கு இன்றும் தீரவில்லை. உருக்குக் கோது துப்பாக்கியைத் தேய்த்துவிடும் என்பார் ஒருசாரார். தேய்க்காது என்பார் மறுசாரார். இரண்டிலும் உண்மை உண்டு. கோதுக்குரிய உருக்கு துப்பாக்கியின் உருக்கைவிட மென்மையானது. அது குழலினூடே செல்வதுமில்லை. அறையையும் கொக்கியையும் மாத்திரம் தொடுவது. குழலைத் தேய்ப்பது கோதன்று. அவ்வகைத் தோட்டா பலவற்றிற் செம்புக்குப் பதிலாக உருக்கின்மேற் செம்பு பூசிச் செய்யப்படும் சன்னத்தின் மேலுறை. அரக்குப் பூச்சு சூட்டில் மெழுகுபோல உருகி அறையில் ஒட்டுகிறது என்பதும் நெடுநாட் கதை. உருக்கு பித்தளையைப் போல இறுக அடைக்காதபடியால் புகைக்கரி பின்னே கசிந்து அறையிற் படிகிறது. அந்தப் படிவே சிக்கலுக்குப் பெரிதும் காரணம். துடைத்து வைத்திருப்பவனுக்குத் தொல்லை குறைவு.

மெய்யான குறை வேறொன்று. பித்தளைக் கோதைப் பொறுக்கி, அளவு திருத்தி, மீண்டும் மருந்திட்டுப் பலமுறை பாவிக்கலாம். இவ்வுருக்குக் கோதை அவ்வாறு செய்வது அரிது. பொறி தரும் மூடி இருக்கும் குழியின் அமைப்பும் இதற்குத் தடை. இரண்டு அமைப்புக்கள் உண்டு: ஒன்று பேர்டன் என்னும் அமெரிக்கர் கண்டது, மற்றது பொக்சர் என்னும் ஆங்கிலேயர் கண்டது. விந்தை என்னவெனில், அமெரிக்கர் கண்டதை ஐரோப்பாவும் ருஷ்யாவும் எடுத்துக்கொள்ள, ஆங்கிலேயர் கண்டதை அமெரிக்கா எடுத்துக்கொண்டது. ருஷ்ய உருக்குக் கோதுகளிற் பெரும்பாலானவை பேர்டன் அமைப்பின. பழைய மூடியைக் கழற்றுவதே பெரும்பாடு. ஆகவே உருக்குக் கோது ஒருமுறை சுட்டதும் எறியப்படுவது. அமெரிக்கச் சுடுபயிற்சி நிலையங்கள் பல அதனை உள்ளே விடுவதில்லை. பித்தளைக் கோதைக் கூட்டி விற்று அவை வருவாய் காண்பதால், இரும்பு கலந்தால் நட்டம். அங்கும் ஒரு காந்தம் வாசலில் நிற்கிறது. 2021ஆம் ஆண்டு செப்ரெம்பர் மாதம் ருஷ்யத் தோட்டாக்களுக்குப் புதிய இறக்குமதி அனுமதி வழங்குவதை அமெரிக்க அரசாங்கம் நிறுத்தியது. அதன்பின் மலிவும் குறைந்து வழக்கும் சற்றே தணிந்தது.

பித்தளையோ உருக்கோ, கோது தாங்கிச் செல்லும் சன்னத்தின் வேலை ஒன்றே என்பதை நாம் மறந்தெழுதவில்லை. ஆனால் அந்த வேலையைத் தொடர்ந்து செய்வதற்கு ஒரு நாடு எதை எதையெல்லாம் எடுத்து உருக்கத் துணியும் என்பதைக் கோதே காட்டுகிறது. சன்னம் எதிரியிடம் போய்விடும். கோது சுட்டவனின் காலடியிலேயே விழுந்து, அவன் வீட்டு நிலைமையைச் சொல்லிக்கொண்டு கிடக்கும்.

யுத்தம் முடிந்தபோது ஹம்பேர்க்கிலே ஆயிரக்கணக்கான மணிகள் உருக்கப்படாமல் எஞ்சியிருந்தன. அவற்றின் உடலிற் பொறித்திருந்த குறிகளைக் கொண்டு ஊர்களைத் தேடி, ஒவ்வொன்றாகத் திருப்பி அனுப்பினர். ஓக் றிட்ஜில் இருந்த வெள்ளியும் சிறிது சிறிதாகத் திறைசேரிக்கு மீண்டது. கடைசிப் பகுதி 1970இல் ஒப்படைக்கப்பட்டது.

அமெரிக்க ஒருசதக் காசு உருக்கில் ஓர் ஆண்டுக்குமேல் அடிக்கப்படவில்லை. 1944 தொடக்கம் 1946 வரை அடிக்கப்பட்ட காசுகளுக்குப் பயிற்சிக் களங்களிலே கூட்டியெடுத்த வெற்றுப் பித்தளைக் கோதுகளின் உலோகத்தையும் சேர்த்துக்கொண்டனர். காசுக்குரிய செம்பைத் தோட்டாவுக்குக் கொடுத்த நாடு, சுட்டு முடிந்த தோட்டாவிலிருந்து அதைத் திரும்பவும் காசாக வாங்கிக்கொண்டது. எவன்ஸ்விலின் உருக்குக் கோதுகளிற் பெரும்பகுதி, அவை விழுந்த தீவுகளின் மணலிலும் ஐரோப்பாவின் வயல்களிலும் கிடந்து துருவேறி மண்ணோடு மண்ணாயிற்று.